மருமகன் கேட்ட கப்பல்

என் அக்கா புருஷன் மெய்ராம் பாதி ஆயுளைப் பூமிக்கு அடியில் கழித்தவர். ஜெஸ்கஸ்கன் தாமிரச் சுரங்கத்தில் தாது வண்டி ஓட்டினார். முழங்கால் இரண்டும் தேய்ந்து, மூச்சும் இரைக்க ஆரம்பித்த பிறகுதான் மேலே வந்தார். வந்த மனுஷன் தரையில் நிற்காமல் நேராக நட்சத்திரத்துக்குப் போய்விட்டார் என்று எங்கள் குடியிருப்பில் சொல்லிச் சிரிப்பார்கள். அந்தச் சிரிப்பை ஆரம்பித்து வைத்தவள் நான்தான். அத்தானைக் கிண்டல் செய்ய மச்சினிக்கு எங்கள் கசாக் வீடுகளில் முழு உரிமை உண்டு. அதை நான் ஒருநாளும் வீணாக்கியதில்லை.

அவர் கணினி விளையாட்டு ஒன்றில் விண்கப்பல் தேடினார். தேடிய கப்பல் கிடைத்தது. கிடைப்பதற்குள் அவருடைய அக்கா மகன் சயான் கையை விட்டுப் போய்விட்டான். கதை இவ்வளவுதான். ஆனால் ஊரில் இதை வேறு மாதிரி சொல்கிறார்கள். கிழவனுக்குக் கம்ப்யூட்டர் பைத்தியம் பிடித்து மருமகனையே மறந்துவிட்டான் என்கிறார்கள். அதைக் கேட்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. மறந்திருந்தால் பரவாயில்லையே. அவர் அந்தப் பையனைத் தவிர வேறு எதையும் நினைக்காததால்தான் இப்படி ஆயிற்று.

சயானின் அம்மா ரைகான் காலமாகிப் பல வருடம் ஆகிறது. அப்பன் அதற்கு முன்பே வேறு குடும்பம் பார்த்துக்கொண்டு போனவன். ஆகவே சயானுக்கு வீடு என்றால் தாய்மாமன் வீடுதான். வெல்டிங் படித்தான், காஸ்பியன் கடலோரம் அக்தாவில் வேலை கிடைத்தது, குல்தென் என்ற பெண்ணைக் கட்டிக்கொண்டான், ஒரு பெண் குழந்தையும் பிறந்தது. ஊரை விட்டுப் போகும்போது தன்னுடைய பழைய கணினியை மாமா வீட்டுச் சன்னலோரம் வைத்து, அந்த விளையாட்டையும் போட்டுக் கொடுத்துவிட்டுப் போனான். "ஞாயித்துக்கிழமை காலையில நான் அங்கிருந்து வருவேன், நீங்க இங்கிருந்து வாங்க மாமா, வானத்துல பார்த்துக்கலாம்" என்றான். அத்தானுக்குப் பிள்ளை கிடையாது. ஞாயிற்றுக்கிழமை வந்தால் முகச்சவரம் செய்துகொண்டு அந்த நாற்காலியில் போய் உட்காருவார். முகம் யாருக்குத் தெரியப் போகிறது என்று கேட்டால் முறைப்பார்.

என் வீடு எதிர் வாசல். கதவைத் திறந்து வைத்தால் அவர்கள் பேச்செல்லாம் கேட்கும்.

"மாமா, பின்னாடி பாருங்க, கொள்ளைக்காரன் வரான்!"

"வரட்டும்டா. டீ குடிச்சிட்டுப் போகட்டும்."

"அவன் சுடறான் மாமா!"

"பசியா இருப்பான்."

இப்படியே போகும். சண்டையெல்லாம் சயான் போடுவான். அத்தானுக்குப் பிடித்தது வேறு. அந்த விளையாட்டில் எண்ண முடியாத நட்சத்திரங்கள். ஒவ்வொரு நட்சத்திரத்துக்கும் அதற்கே உரிய கப்பல்கள் சில உண்டு. அவை எப்படி இருக்கும் என்பது அங்கே போய்ச் சந்தை மேடையில் காத்து நின்றால்தான் தெரியும். கப்பல்கள் கூட்டமாக வந்து இறங்கும், கொஞ்ச நேரம் நிற்கும், கிளம்பும், அடுத்த கூட்டம் வரும். பெரும்பாலும் சப்பையாக இருக்கும். எப்போதாவது ஒன்று கண்ணைப் பறிக்கும். அதைப் பிடிக்க வேண்டும் என்றால் பொறுமை வேண்டும். இருட்டில் வண்டி ஓட்டிய மனிதருக்குப் பொறுமைக்கு என்ன பஞ்சம்? பர்னாவுல், தாஷ்கெண்ட் என்று எங்கெங்கோ இருக்கும் கப்பல் வேட்டைக்காரர்கள் அவரை 'சுரங்கத்து அண்ணன்' என்று அழைப்பார்கள். நல்ல கப்பல் கண்ணில் பட்டால் இடத்தை எழுதிப் போடுவார். யார் வேண்டுமானாலும் அதே இடத்துக்குப் போய் அதே கப்பலை எடுத்துக்கொள்ளலாம்.

"பொண்ணு பார்க்கப் போன மாப்பிள்ளை மாதிரி வர்ற கப்பலையெல்லாம் தலையிலிருந்து கால் வரைக்கும் பார்க்கிறீங்க. ஒண்ணையாவது கட்டிக்கிறீங்களா?" என்று கேட்டேன் ஒருநாள்.

"உங்க அக்காவைக் கட்டின பிறகு புத்தி வந்துடுச்சு ஸவ்ரே" என்றார்.

"ரெண்டு பேர் வாயிலயும் பிசைஞ்ச மாவை வச்சு அடைக்கணும்" என்றாள் என் அக்கா மாரல், அடுப்படியிலிருந்து.

ஓர் இலையுதிர் காலத்து ஞாயிறு. நான் அவர்கள் வீட்டு மேசையில் காரட் சீவிக்கொண்டிருந்தேன். சயானின் குரல் கணினியிலிருந்து வந்தது.

"மாமா, உங்ககிட்ட எனக்கு இன்னும் ஒண்ணு பாக்கி இருக்கு, ஞாபகம் இருக்கா?"

அக்கா மகன் தாய்மாமன் வீட்டில் மூன்று பொருள் கேட்கலாம். எதைக் கேட்டாலும் மாமன் மறுக்கக்கூடாது. ஜியென்குரிக் என்போம். சின்ன வயதில் சயான் ஒரு வேட்டை நாய்க்குட்டியைத் தூக்கிக்கொண்டு போனான். மீசை முளைத்த பிறகு பக்கப்பெட்டி வைத்த மோட்டார் சைக்கிளைக் கேட்டு வாங்கினான். மூன்றாவதைக் கேட்காமலே வைத்திருந்தான்.

"கேளுடா. குதிரையா?" என்றார் அத்தான்.

"குதிரையைக் கொண்டுபோய் அக்தாவுல நாலாவது மாடியில கட்டவா? ஒரு கப்பல் வேணும். கறுப்பு உடம்பு, வால்ல மஞ்சள் வளையம், மூக்கு கழுகு மாதிரி கீழே வளைஞ்சிருக்கும். எவனோ படம் மட்டும் போட்டான், இடத்தைச் சொல்ல மாட்டேங்கிறான். அது இருக்கிற இடம் வேணும் மாமா."

நான் வாய்விட்டுச் சிரித்தேன். சயானும் சிரித்தான். மாரல் அடுப்படியிலிருந்து கரண்டியோடு வந்து நின்றாள். "சரின்னு சொல்லுங்க. மருமகன் மனசு கோணினா மாமனுக்குக் கை நடுங்கும்பாங்க" என்றாள். அவளும் பாதி விளையாட்டாகத்தான் சொன்னாள்.

அத்தான் மட்டும் சிரிக்கவில்லை. "குடுத்தேன்" என்றார். குரலே மாறிவிட்டது. செத்துப்போன அக்காவின் ஒரே பிள்ளை, கடைசி முறையாகக் கை நீட்டியிருக்கிறான், அது ஒன்றுதான் அவர் மனதில் ஏறியது.

அன்றைக்குப் பிடித்தது சனி. அடுத்த ஞாயிறு சயான் வந்தபோது அத்தான் அவனை விளையாட்டுக்குள் விடவில்லை.

"ரெண்டு பேர் இருந்தா வேலைக்கு ஆகாதுடா. கப்பல் கூட்டம் சரியில்லைன்னா நான் விளையாட்டை மூடித் திறப்பேன். மறுபடி புதுசா வரும். நீ உள்ள இருந்தா மூட முடியாது. நான் தனியா பார்த்துக்கிறேன். நீ பொண்டாட்டி பிள்ளையோட எங்கயாவது கடற்கரைக்குப் போ."

"நான் சும்மா ஓரமா நின்னுக்கிறேனே மாமா?"

"வேண்டாம்டா. உனக்குத்தானே தேடறேன்."

இதைச் சொன்னபோது குல்தென் குழந்தையைத் தூக்கிக்கொண்டு குல்சாரியில் இருக்கும் தன் அம்மா வீட்டுக்குப் போய்விட்டிருந்தாள். எங்களுக்கு அது தெரியாது. சயான் போனில் சொல்லக்கூடிய ஆள் இல்லை, அதுவும் பெண்களிடம். எங்கள் ஆண்களுக்கு எதிரில் உட்கார்ந்து முகத்தைப் பார்த்தால் வாய் திறக்காது. பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து, கண் வேறெங்கோ இருக்கும்போதுதான் ஒரு வார்த்தை வரும். அந்த ஞாயிற்றுக்கிழமைகளில் இருவரும் அப்படித்தான் பறந்துகொண்டிருந்தார்கள். மாமனிடம் சொல்லியிருந்தால் மாமன் மறுநாளே ரயிலேறி குல்சாரிக்குப் போய்ப் பெண் வீட்டாரிடம் பேசியிருப்பார். தாய்மாமன் வாசலில் வந்து நின்றால் யாரும் லேசில் திருப்பி அனுப்ப மாட்டார்கள்.

அத்தான் தேடினார். காலையில் டீயோடு உட்காருவார், மத்தியானம் மாரல் தட்டைக் கொண்டுபோய் மடியில் வைப்பாள். சயான் கூப்பிடும்போதெல்லாம் போனை அவள்தான் எடுப்பாள். "உன் விஷயமாத்தான் இருக்கார்டா கண்ணு" என்பாள். ஒரு தடவை நான் எடுத்தேன்.

"மாமா எங்க அத்தை?"

"உன் கப்பலைத் தேடிட்டு இருக்கார். வேற என்ன வேலை."

"இன்னுமா? ஒண்ணும் அவசரமில்லைன்னு சொல்லுங்க அத்தை. சும்மா வரச் சொல்லுங்க."

நான் போய்ச் சொன்னேன். அத்தான் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "அவசரமில்லைன்னுதான் சொல்லுவான். பெரிய மனசு, அவங்க அம்மா மாதிரி" என்றார். அப்புறம் என்னை முறைத்து, "வாலு மட்டும் மஞ்சளா ஒண்ணு நேத்து வந்துச்சு. பக்கத்துல வந்துட்டேன்னு நினைக்கிறேன். அவன்கிட்ட உளறி வைக்காதே, கண்ணு பட்டுடும்" என்றார்.

எனக்கு அப்போதே ஏதோ உறுத்தியது. ஆனால் நம் வேலை நமக்கு. நான் ஜெஸ்கஸ்கன் ரயில் நிலையத்தில் டீயும் சமோசாவும் விற்பவள். பனிக்காலத்தில் மூச்சு விட நேரமிருக்காது.

எங்கள் வசந்தகாலப் புத்தாண்டான நவ்ரிஸ் பண்டிகைக்குக் கொஞ்சம் முன்னால் ஒரு காலை மாரல் போன் செய்தாள். அவள் குழந்தைகள் பள்ளியில் சமையல்காரி, பின்னால் ஒரே கூச்சல்.

"ஸவ்ரே, சயான் ரயில்ல வந்துட்டு இருக்கான்டி. மத்தியானம் நம்ம ஊருல நிக்குமாம். அஸ்தானா போய் அங்கிருந்து கொரியாவாம், கப்பல் கட்டற இடத்துல வேலையாம். இப்பத்தான் சொல்றான்! எனக்கு இந்த வாண்டுகளை விட்டுட்டு வர முடியாது. ரொட்டி சுட்டது மேசையில இருக்கு, அதை எடுத்துட்டு வரச்சொல்லி உங்க அத்தான்கிட்ட சொல்லிட்டேன். நீயும் ஒரு போன் போடு."

தூரதேசம் போகிறவன் வீட்டு ரொட்டியில் ஒரு கடி கடித்துவிட்டுப் போக வேண்டும். மீதியைப் பத்திரமாக வைப்போம். அவன் திரும்பி வந்துதான் அதைத் தின்று முடிக்க வேண்டும். படித்தவர்கள், படிக்காதவர்கள், யாராக இருந்தாலும் எங்கள் வீடுகளில் இதைச் செய்யாமல் பிள்ளையை அனுப்ப மாட்டார்கள்.

ரயில் வந்தது. சயான் இறங்கினான். ஆள் பாதியாகிவிட்டிருந்தான். தொப்பி இல்லாத தலையில் பனி விழுந்தது. என்னைக் கட்டிக்கொண்டான், தோளுக்கு மேலாக வாசலைப் பார்த்தான்.

"மாமா வரலையா அத்தை?"

"வந்துட்டே இருப்பார். குல்தென் எங்கடா? குட்டி எங்க? தனியாவா போறே?"

"அவ அம்மா வீட்டுல."

"எப்பலேர்ந்து?"

"இலை உதிர ஆரம்பிச்சப்பலேர்ந்து."

"பாவிப் பயலே! மாமாகிட்ட சொன்னியா?"

"சொல்லணும்னுதான் ஒவ்வொரு ஞாயிறும் உட்கார்ந்தேன். கதவு பூட்டியே இருந்துச்சு அத்தை."

நான் அத்தானுக்குப் போன் போட்டேன்.

"எங்க இருக்கீங்க அத்தான்?"

"வாசல்ல. பூட்ஸ் மாட்டிட்டு இருக்கேன்."

அவர் குரலுக்குப் பின்னால் உர்ரென்று ஒரு சத்தம். கப்பல் இறங்கும் சத்தம். குளிர்காலம் முழுக்க எதிர் வீட்டிலிருந்து கேட்டுப் பழகிய சத்தம் எனக்கா தெரியாது?

"பொய் சொல்லாதீங்க. அந்தச் சனியன் இங்க வரைக்கும் கேக்குது."

"ஸவ்ரே, அதேதான்! கறுப்பு, மஞ்சள் வளையம், எல்லாம் சரியா இருக்கு! ஒரு தடவை வந்து கண்ணு முன்னாடியே பறந்துடுச்சு. மறுபடி வரும். அஞ்சே நிமிஷம். பையன் அவ்வளவு தூரம் போறான், வெறுங்கையோட எப்படி வழியனுப்புவேன்?"

"கப்பலும் வேண்டாம் கத்திரிக்காயும் வேண்டாம், நீங்க வாங்க!" என்று கத்தினேன். டீ குடித்துக்கொண்டிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அவர் போனை வைத்துவிட்டார்.

சயானுக்குப் புரிந்துவிட்டது. "விடுங்க அத்தை. பனியில ஓடி வந்து வழுக்கி விழுந்துடப் போறார்" என்றான். கடையிலிருந்து ஒரு ரொட்டியை எடுத்து நீட்டினேன். கையில் வாங்கிப் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தான். "மாமா வீட்டு ரொட்டிதான் அத்தை வேணும். வரட்டும், பார்க்கலாம்."

வரவில்லை. ரயில் பெட்டியைப் பார்த்துக்கொள்ளும் அம்மா "ஏறுப்பா, உனக்காகத் தனி ரயில் விட மாட்டாங்க" என்று விரட்டினாள். அவன் ஏறிக் கதவருகில் நின்றான். நான் கையாட்டினேன். அவன் என்னைப் பார்க்கவில்லை. ரயில் வளைவு திரும்பும் வரை நிலையத்து வாசலையே பார்த்துக்கொண்டு போனான்.

தண்டவாளம் காலியான பிறகு அத்தான் வந்தார். யாரோ பக்கத்து வீட்டுக்காரர் காரில் கொண்டுவந்து விட்டார். கோட்டுக்குப் பொத்தான் போடவில்லை, காலில் வீட்டுச் செருப்பு, கக்கத்தில் துணி சுற்றிய ரொட்டி. கையில் போனை உயர்த்திப் பிடித்துக்கொண்டு நொண்டி நொண்டி ஓடி வந்தார்.

"எந்தப் பெட்டி ஸவ்ரே? கிடைச்சுடுச்சு! பாரு! இடம் எல்லாம் குறிச்சுட்டேன்! எந்தப் பெட்டி?"

"போயிடுச்சு அத்தான்."

"எது?"

குல்தென் போன கதையைச் சொன்னேன். ஒவ்வொரு ஞாயிறும் அவன் வந்து உட்கார்ந்ததைச் சொன்னேன். எதையும் மென்மையாகச் சொல்லத் தெரியாத வாய் எனக்கு. அவர் பெஞ்சில் உட்கார்ந்தார். மூச்சு இரைப்பு அடங்க வெகுநேரம் ஆயிற்று. போன் திரையில் அந்தக் கறுப்புக் கப்பல் மூக்கைத் தொங்கப் போட்டுக்கொண்டு நின்றது. உண்மையிலேயே அழகாகத்தான் இருந்தது, பொய் சொல்லக்கூடாது.

அவர் குல்சாரிக்கும் போய் வந்தார். மருமகன் நாட்டை விட்டே போன பிறகு அங்கே பேச என்ன இருக்கிறது? அவர்கள் இறைச்சி வேகவைத்து, மரியாதையாக உபசரித்து, மரியாதையாக அனுப்பி வைத்தார்கள்.

கொரியாவிலிருந்து சயான் கூப்பிட்ட அன்று நானும் அங்கேதான் இருந்தேன். அவனுக்குச் சாப்பாட்டு இடைவேளை. தலையில் ஹெல்மெட், பின்னால் இரும்புச் சுவர் மாதிரி ஏதோ ஒரு பெரிய கப்பலின் விலா. அத்தான் நாற்காலியை இழுத்துப் போட்டு, போனைக் கணினித் திரைக்கு நேராகப் பிடித்தார். அவர் கை லேசாக ஆடியது. நானும் மாரலும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை.

"மருமகனே, நீ கேட்டது. பாரு. உனக்குன்னு வச்சிருக்கேன். இடத்தை எவனுக்கும் சொல்லலை."

"அழகா இருக்கு மாமா."

"நீ எப்ப வேணா போய் எடுத்துக்கலாம்."

"இங்க கம்ப்யூட்டர் இல்லையே மாமா. அக்தாவுல இருந்ததை என்னோட வேலை செஞ்ச பையன்கிட்ட குடுத்துட்டேன். ஒண்ணு சொல்றேன், கோவிச்சுக்காதீங்க. எனக்குக் கப்பல் வேணும்னு கேக்கலை. நீங்க எல்லா ரக கப்பலையும் பார்த்து முடிச்சுட்டீங்க, சலிச்சுப் போய் வராம இருந்துடுவீங்களோன்னு பயம். அவளும் அப்பத்தான் வீட்டை விட்டுப் போயிருந்தா. லேசுல கிடைக்காத ஒண்ணா கேட்டா ரெண்டு பேரும் சேர்ந்து தேடிக்கிட்டே இருக்கலாம்னு நினைச்சேன். கிடைக்காமலே இருந்தாக்கூட நல்லதுன்னுதான்..."

அங்கே சங்கு ஊதியது. "வேலைக்குக் கூப்பிடறாங்க மாமா. முழங்காலைப் பார்த்துக்குங்க" என்றான். படம் மறைந்தது.

அத்தான் போனை மேசையில் வைத்தார். எங்கள் அக்கா தங்கை இருவருக்கும் முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். மாரல் அழுதாள். நானும் அழுதேன்.

இப்போதெல்லாம் சயான் பண்டிகைக்குக் கூப்பிடுகிறான். உடம்பு எப்படி, ஊரில் பனி எப்படி என்று விருந்தாளியிடம் கேட்பதைப் போல் கேட்டுவிட்டு வைத்துவிடுகிறான். அத்தான் கப்பல் தேடுவதை விட்டுவிட்டார். ஆனாலும் ஞாயிற்றுக்கிழமை காலையில் சவரம் செய்துகொண்டு கணினி முன் உட்காருகிறார். யார் வேண்டுமானாலும் உள்ளே வரலாம் என்று திறந்து வைத்துவிட்டு, அந்தச் சந்தை மேடையில் ஒன்றும் செய்யாமல் நிற்கிறார். முகம் தெரியாத பிள்ளைகள் யார் யாரோ வருகிறார்கள், கையாட்டுகிறார்கள், போகிறார்கள். சயானுக்கு அங்கே ஞாயிற்றுக்கிழமையும் வேலை.